நகல் தெளிவாக இல்லையென்றால்

கேள்வி: குண்டர் சட்டத்தில் அடைக்கப்பட்டவர்களை உயர் நீதிமன்றம் அடிக்கடி விடுவித்துவிடுகிறது. நகல் தெளிவாக இல்லை, தமிழாக்கம் தரவில்லை, மனுவைப் பரிசீலிக்கத் தாமதம் என்று அற்பக் காரணங்களுக்காக ரவுடிகள் வெளியே வரலாமா? (வாசகர், விருத்தாசலம்)

பதில்: நகலிலிருந்தே தொடங்குகிறேன். குண்டர் சட்டப்படி, விசாரணை இல்லாமலேயே ஒருவரை முன்கூட்டி அடைத்துவைக்கும் தடுப்புக் காவல் ஆணையோடு ஒரு காகிதக் கட்டையும் கைதியிடம் கொடுப்பார்கள். வழக்கறிஞர்கள் அதை 'புக்லெட்' என்பார்கள். முதல் தகவல் அறிக்கை, வாக்குமூலங்கள், ரிமாண்டு உத்தரவு, பழைய வழக்குகளின் தாள்கள் எல்லாம் அதில் இருக்கும். நகலுக்கு நகல் எடுத்து, அதற்கும் ஒரு நகல் எடுத்து, ஓரம் கறுத்து, நடுவில் வெளுத்து, கடைசி வரி பாதியில் வெட்டுப்பட்ட பக்கங்கள் அதில் சர்வசாதாரணம். கையால் எழுதிய வாக்குமூலமாக இருந்தால் தேதியைக்கூடப் படிக்க முடியாது.

உள்ளே இருப்பவருக்குக் கிடைத்த ஒரே ஆயுதம் அந்தக் கட்டுதான். சாதாரண வழக்கில் கைதானவரை 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். அவர் வக்கீல் வைத்துக்கொள்ளலாம், சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யலாம். தடுப்புக் காவலில் இவற்றில் ஒன்றுமே கிடையாது. அரசியல் சட்டத்தின் 22ஆவது பிரிவு முதலில் சில உரிமைகளைக் கொடுத்துவிட்டு, அடுத்த உட்பிரிவிலேயே தடுப்புக் காவல் கைதிக்கு அவை இல்லை என்று சொல்லிவிடுகிறது. மிச்சம் வைத்தவை சிலதான். ஏன் அடைத்தோம் என்று சொல்ல வேண்டும், அதை மறுத்து முறையிட விரைவில் வாய்ப்புத் தர வேண்டும், மூன்று மாதத்துக்கு மேல் வைத்திருப்பதென்றால், காவல் சரிதானா என்று பார்க்கும் அறிவுரைக் கழகத்தின் ஒப்புதல் வேண்டும். நம்முடைய குண்டர் சட்டம், அதாவது 1982ஆம் ஆண்டுச் சட்டம், இதற்குக் கெடு வைத்திருக்கிறது: ஐந்து நாளுக்குள் காரணங்கள், 12 நாளுக்குள் மாநில அரசின் ஒப்புதல், மூன்று வாரத்துக்குள் கழகத்தின் பார்வைக்கு, ஏழு வாரத்துக்குள் கழகத்தின் அறிக்கை. அந்தக் கழகத்தின் முன்னும் வக்கீல் வாதாட முடியாது. இவ்வளவையும் தாண்டினால், எந்தக் குற்றமும் நிரூபிக்கப்படாமலேயே ஓராண்டு சிறை.

படிக்க முடியாத பக்கத்தை மறுத்து ஒரு மனிதர் எப்படி மனு எழுதுவார்? இதை அற்பக் காரணம் என்று சொல்ல எனக்கு நாக்கு வராது.

தமிழாக்கத்துக்கு வருகிறேன். இந்தி மட்டுமே தெரிந்தவருக்கு ஆங்கிலத்தில் காரணங்களைக் கொடுத்து, அதிகாரி வாயால் விளக்கிவிட்டார் என்று மகாராஷ்டிர அரசு வாதிட்டபோது, அது செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 1962லேயே சொல்லிவிட்டது. 1990களின் கடைசியில், தமிழ் மட்டுமே தெரிந்த ஒருவருக்கு ஆங்கில ஆவணத்தின் தமிழாக்கத்தைத் தராத குற்றத்துக்காகத் தமிழ்நாட்டு ஆணை ஒன்றும் ரத்தானது. தமிழை ஆட்சிமொழி என்று 1956லேயே சட்டம் போட்ட மாநிலம் இது! வங்கிக் கடன் பத்திரத்திலிருந்து ஆஸ்பத்திரி ஒப்புதல் படிவம் வரை, படித்துப் புரிந்துகொள்ள முடியாத தாளில் ஜனங்களிடம் கையெழுத்து வாங்கும் வழக்கத்தை நான் இந்தப் பக்கத்தில் எப்போதும் திட்டி வந்திருக்கிறேன். கோபித்துக்கொண்டு கடிதம் எழுதிய அதிகாரிகளும் உண்டு. கடன் பத்திரம் புரியாவிட்டால் பணம் போகும். இங்கே ஓராண்டு வாழ்க்கை போகிறது.

தாமதத்தை எடுத்துக்கொள்வோம். 1998 பிப்ரவரியில் ஒரு கைதியின் முறையீடு கோட்டையில் 9ஆம் தேதி அமைச்சரிடம் போக வேண்டிய கட்டத்தை எட்டியது. உத்தரவு வந்தது 14ஆம் தேதி. அமைச்சர் சுற்றுப்பயணத்தில் இருந்தார் என்று அரசு காரணம் சொன்னது. கோப்பை அவர் இருக்குமிடத்துக்கு அனுப்பியிருக்கலாமே என்று கேட்ட உச்ச நீதிமன்றம், அந்த ஐந்து நாளுக்காகவே காவலை ரத்து செய்தது. எனக்கு மிகவும் பிடித்த தீர்ப்புகளில் அது ஒன்று. சிறையில் ஒருவர் நாளை எண்ணிக்கொண்டிருக்கும்போது கோப்பு மேசையில் தூங்கக் கூடாது.

காலாவதியான மருந்துக்குப் புது லேபிள் ஒட்டி விற்றார்கள் என்ற வழக்கு நினைவிருக்கிறதா? ஊரே கொதித்தது. நானும் கொதித்தேன். அதில் குண்டர் சட்டத்தில் அடைக்கப்பட்ட ஒருவரின் காவலை 2011இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. அவர் ஏற்கெனவே ரிமாண்டில் இருந்தார். அவர் வெளியே வந்துவிடுவார் என்று காட்ட, இதேபோன்ற வழக்குகளில் ஜாமீன் கிடைத்திருக்கிறது, இவருக்கும் கிடைத்துவிடும் என்று ஆணையில் எழுதினார்கள். எந்த வழக்கு, எந்தத் தேதி, ஒரு விவரமும் இல்லை. ஜாமீன் கூடாதென்றால் ஜாமீன் மனுவை எதிர்க்க வேண்டும். குற்றம் செய்தவரென்றால் மருந்துச் சட்டம் இருக்கிறது, விசாரணையை நடத்தித் தண்டனை வாங்கித் தர வேண்டும். அந்த உழைப்பைத் தவிர்க்கக் குறுக்கு வழியாக ஓர் ஆணையில் கையெழுத்துப் போடுவதைத்தான் நான் எதிர்க்கிறேன்.

ஆகவே உங்கள் கோபம் நீதிபதிமீது போகக் கூடாது. தெளிவான நகலும் தமிழாக்கமும் கொடுத்து, மனுவை மறுநாளே பார்த்திருந்தால் அந்தக் காரணங்களே எழுந்திருக்காது. ஆணை பிறப்பித்த கலெக்டரையும் போலீஸ் கமிஷனரையும் கேளுங்கள். இன்னொன்றையும் மறக்காதீர்கள்: காவலை எதிர்த்து நீதிமன்றத்தில் போடும் ஆள்கொணர்வு மனு விசாரணைக்கு வந்து தீர்ப்பாவதற்குள் பல மாதங்கள் ஓடிவிடுகின்றன. 'விடுதலை' என்று நீங்கள் படிக்கும் செய்தியில் பாதித் தண்டனை ஏற்கெனவே அனுபவிக்கப்பட்டிருக்கும்.

கட்சிகளைப் பற்றி என் பழைய குறையையும் சொல்லிவிடுகிறேன். நெருக்கடி நிலைக் காலத்தில் மிசா என்ற தடுப்புக் காவல் சட்டத்தில் அடிபட்ட கதையைத் தமிழ்நாட்டு மேடைகளில் கேட்டு வளர்ந்தவன் நான். அந்தத் தழும்பைக் காட்டி ஓட்டுக் கேட்டவர்களும் ஆட்சிக்கு வந்தபின் இந்தச் சட்டத்தைக் கைவிடவில்லை. கள்ளச்சாராயக்காரருக்கும் குடிசைப் பகுதி நிலம் பறிப்பவருக்கும் என்று எம்.ஜி.ஆர். ஆட்சியில் வந்த சட்டத்தில், 2004இல் திருட்டு விசிடிக்காரரைச் சேர்த்தார்கள். 2014இல் இணையக் குற்றத்தையும் பாலியல் குற்றத்தையும் சேர்த்தார்கள். சுருக்கியவர் யாருமில்லை.

டில்லியும் லேசுப்பட்டதில்லை. நெருக்கடி நிலைக்குப் பிறகு, 1978இல் நிறைவேறிய 44ஆவது திருத்தம் 22ஆவது பிரிவையும் தொட்டது. கழகத்தின் ஒப்புதலின்றி வைத்திருக்கக்கூடிய மூன்று மாதம் என்பதை இரண்டாகக் குறைத்தது. உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதியின் பரிந்துரைப்படியே அறிவுரைக் கழகம் அமைய வேண்டும், பதவியில் இருக்கும் நீதிபதிதான் அதன் தலைவர் என்றது. திருத்தத்தின் மற்ற பகுதிகள் நடைமுறைக்கு வந்தன. இந்தப் பகுதிக்கு மட்டும் எந்த மத்திய அரசும் இன்றுவரை தேதி குறிக்கவில்லை. அதற்கு நாடாளுமன்றம் மறுபடி கூட வேண்டியதில்லை, ஒரே ஓர் அறிவிக்கை போதும். உங்கள் எம்.பி. அடுத்த முறை விருத்தாசலம் வரும்போது அதைக் கேளுங்கள், என்ன பதில் சொன்னார் என்று எனக்கு எழுதுங்கள்.