கட்டம் கோணுவதற்குக் காரணம் இஸ்திரி போடும் விதம்தான்

ஒட்டுத்துணிப் போர்வைக்கு நாலு துண்டு சேர்த்துத் தைத்த கட்டம் இஸ்திரி போட்டதும் கோணிக்கொள்கிறது, நடுவில் முனைகளும் சேரவில்லை என்று எழுதியிருந்தீர்கள். தைப்பதில் குறை இருக்காது. சட்டைக்குத் தேய்ப்பதுபோல பெட்டியை முன்னும் பின்னும் இழுத்தால் துணி நீண்டுவிடும். இழைக்குச் சாய்வாக, மூலைவாக்கில் வெட்டிய ஓரம் என்றால் இன்னும் மோசம். பெட்டியை வைத்து அழுத்துங்கள், தூக்கி அடுத்த இடத்தில் வையுங்கள். நீராவி வேண்டாம்.

முதலில் விரிக்காமல், தைத்தபடியே தையல் மேல் ஒரு தடவை அழுத்துங்கள். நூல் துணியில் படியும். அப்புறம் அடர்நிறத் துண்டு மேலே இருக்கும்படி போட்டு, அதைத் திறந்து, தையலை ஒட்டி விரலால் நீவிவிட்டு அழுத்துங்கள். அங்கே சின்ன மடிப்பு நின்றால்கூட கட்டம் சிறுத்துவிடும், கவனம்.

முனைகள் சேர, மேல் வரிசையின் தையல் ஓரம் (தையலுக்கு வெளியே பின்பக்கம் நிற்கும் துணி விளிம்பு) ஒரு பக்கமும் கீழ் வரிசையினுடையது எதிர்ப்பக்கமும் சாய வேண்டும். வெளிர்நிறத் துண்டும் அடர்நிறத் துண்டும் மாறி மாறி வந்தால், அடர்நிறப் பக்கமே சாய்த்துக்கொண்டு போங்கள், இது தானாக அமையும். இரண்டு வரிசையையும் சேர்த்துப் பிடித்து விரலால் தடவினால், ஓரங்கள் ஒன்றையொன்று முட்டி நிற்பது தெரியும். அந்த இடத்தில் குண்டூசி குத்திவிட்டுத் தையுங்கள்.

சரி, இன்னொன்று: சூடு ஆறும்வரை கட்டத்தைப் பலகையிலிருந்து எடுக்காதீர்கள்.