இடம் மாற வேண்டியது அம்மா அல்ல

கேள்வி: அம்மாவுக்கு 81 வயது, மறதி நோய். ஐந்து வருடமாக என்னிடம்தான் இருக்கிறார். 'ஆளுக்கு நாலு மாதம் வைத்துக்கொள்வோம்' என்றால், அண்ணன்கள் இருவரும் 'அப்பாவோட பென்ஷன் உன் கையிலதானே வருது' என்கிறார்கள். வீட்டையும் அம்மா பெரிய அண்ணன் பெயருக்கு எழுதிக்கொடுத்துவிட்டார். நான் என்ன செய்ய?
- ஒரு வாசகி, கும்பகோணம்

பதில்: முதலில் அந்த நாலு மாத முறையைக் கைவிடுங்கள். மறதி நோய் உள்ளவருக்குப் புது வீட்டில் கழிப்பறை எந்தப் பக்கம் என்றே பிடிபடாது. ராத்திரி எழுந்து தடுமாறி விழுவார். இந்த வயதில் இடுப்பெலும்பு முறிந்தால் பலர் பிறகு படுக்கைதான். மாத்திரைச் சீட்டு ஒரு வீட்டில், ஸ்கேன் ரிப்போர்ட் இன்னொரு வீட்டில் என்று ஆகும். அம்மா இருக்கும் இடத்திலேயே இருக்கட்டும், அண்ணன்கள் வரட்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை ஆளுக்குப் பத்து நாள். அந்த நாள்களில் நீங்கள் வீட்டில் இருக்காதீர்கள். இருந்தால் அண்ணன் வாசலில் பேப்பர் படிப்பார், டயப்பர் மாற்றுவது நீங்களாகத்தான் இருக்கும்.

பென்ஷன் பேச்சுக்கு வாயால் பதில் சொல்ல வேண்டாம். ஒரு மாதம் நோட்டுப் போட்டு எழுதுங்கள். இடப்பக்கம் செலவு: மாத்திரை, டயப்பர், ஆட்டோ, டாக்டர் ஃபீஸ். வலப்பக்கம் உழைப்பு: குளிப்பாட்ட, ஊட்ட எவ்வளவு நேரம், ராத்திரி எத்தனை முறை எழுந்தீர்கள். இதே வேலைக்கு உங்கள் ஊரில் ஓர் ஆயா என்ன சம்பளம் கேட்கிறார் என்று விசாரித்து அதையும் எழுதுங்கள். பெரும்பாலான வீடுகளில் சண்டை வருவது இந்த வலப்பக்கத்தை யாருமே எழுதாததால்தான். மொத்தத்தில் பென்ஷனைக் கழித்து மீதியை மூன்றாகப் பிரியுங்கள். உங்கள் பங்கை உழைப்பில் கழித்துக்கொள்ளுங்கள். பணம் 5-ம் தேதிக்குள் தனி வங்கிக் கணக்குக்கு வரட்டும். மாதக் கடைசியில் நோட்டுப் பக்கத்தைப் படமெடுத்துக் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போட்டுவிடுங்கள். நள்ளிரவில் ஆஸ்பத்திரியில் யார் கையெழுத்துப் போடுவது என்பதையும் இப்போதே பேசி முடியுங்கள்.

இதற்கும் மசியாவிட்டால் 2007-ம் ஆண்டு பெற்றோர், மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டம் இருக்கிறது. மனு கோட்டாட்சியரிடம் போகும். அம்மாவால் முடியாவிட்டால் அவர் அதிகாரம் கொடுத்தவர் கொடுக்கலாம். வக்கீல் வைக்க வேண்டியதில்லை. பிள்ளைகள் மாதம் 10,000 ரூபாய் வரை பராமரிப்புத் தொகை தர உத்தரவிட முடியும். மகனோ, கட்டிக்கொடுத்த மகளோ, பொறுப்பு எல்லோருக்கும் உண்டு; நீங்களும் அதில் அடக்கம். 14567 என்ற முதியோர் உதவி எண்ணில் வழி கேட்கலாம்.

வீட்டு விஷயத்தைப் பராமரிப்புப் பேச்சோடு கலக்காதீர்கள். கலந்தால் இரண்டும் முடியாது. சார்பதிவாளர் அலுவலகத்தில், அம்மா வீட்டை எழுதிக்கொடுத்த செட்டில்மென்ட் பத்திரத்தின் நகலை வாங்குங்கள். 'கடைசிவரை பார்த்துக்கொள்ள வேண்டும்' என்ற நிபந்தனை அதில் இருக்கிறதா என்று வரிவரியாகப் பாருங்கள். இருந்து, அண்ணன் பார்க்கவில்லை என்றால் மேலே சொன்ன 2007-ம் ஆண்டுச் சட்டத்தின் 23-ம் பிரிவின்படி பத்திரம் ரத்தாகலாம். நிபந்தனை இருந்ததைக் காட்டியாக வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2022-ல் சொல்லியிருக்கிறது; 2025-ல் தனியாக எழுதிக்கொடுத்த உறுதிமொழியையும் ஏற்றுக்கொண்டது. எனவே அப்படி ஏதாவது காகிதம் பீரோவில் இருக்கிறதா என்றும் தேடுங்கள். ரத்தானால் வீடு அம்மாவுக்குத்தான் திரும்பும், உங்களுக்கு அல்ல. அதை அண்ணன்களிடம் நீங்களே முதலில் சொல்லிவிடுங்கள்.