மீந்த சாதத்தையும் மட்டன் குழம்பையும் ஓவனில் வைத்து வேறு சாப்பாடாக மாற்ற முடியுமா? வீட்டில் 'பழசு' என்று முகம் சுளிக்கிறார்கள்.

முடியும். நன்றாகவே வரும். எப்படி என்று சொல்கிறேன். ஆனால் என்னை எழுத வைத்தது உங்கள் கேள்வியின் இரண்டாவது வரிதான்.

உங்கள் வீட்டு நிலவரத்தை நானே ஊகித்துக்கொள்கிறேன். ஞாயிற்றுக்கிழமை ஒரு கிலோ எடுத்திருப்பீர்கள். வருகிறேன் என்று சொன்னவர்கள் வந்திருக்க மாட்டார்கள். குக்கரில் பாதிச் சாதம் அப்படியே நின்றிருக்கும். திங்கட்கிழமை அதையே சுடவைத்துக் கொடுத்தால் பிள்ளைகள் தட்டைத் தள்ளிவிட்டு நூடுல்ஸ் கேட்பார்கள். மட்டன் விற்கிற விலைக்குக் கொட்டவும் மனசு வராது. சரிதானே?

எங்களுக்குத் திண்டுக்கல் பக்கம். எங்கள் அம்மா வீட்டில் முதல் நாள் குழம்பைவிட மறுநாள் சுண்டக் காய்ச்சிய குழம்புக்குத்தான் மதிப்பு. கறி வறுத்த சட்டியில் மிச்சமிருக்கும் மசாலாவோடு சோற்றைப் போட்டுப் பிரட்டி, அம்மா ஆளுக்கு ஓர் உருண்டை பிடித்துக் கொடுப்பார். சட்டியின் அடியில் ஒட்டியதைச் சுரண்டித் தின்பது யார் என்று எனக்கும் அண்ணனுக்கும் அடிதடியே நடக்கும். அப்படி வளர்ந்தவள் நான். கல்யாணமாகி வந்த இடத்தில் என் நாத்தனார், சொந்தக்காரர்கள் பத்துப் பேர் உட்கார்ந்திருக்கும்போது, "அண்ணி வீட்டுக்குப் போனா நேத்து வெச்சதுதான் கிடைக்கும்" என்று சொன்னாள். விளையாட்டாகத்தான் சொன்னேன் என்று பிறகு சொன்னாள். எனக்கு அது விளையாட்டாகத் தோன்றவில்லை, இன்றைக்கும் தோன்றவில்லை. உழைத்த காசில் வாங்கி, அம்மியில் அரைத்த மசாலாவில் வெந்த கறி, ஓர் இரவு ஃபிரிட்ஜில் இருந்ததால் மட்டும் எப்படிக் கேவலமாகும்?

ஓவன் விஷயத்துக்கு வருகிறேன். நாங்கள் சில வருடங்கள் ஷார்ஜாவில் இருந்தோம். எதிர்வீட்டில் ஓர் ஈரானிய அக்கா. அவர்கள் ஊரில் தஹ்சின் என்று ஒன்று செய்வார்கள். அரைவேக்காட்டு அரிசியைத் தயிர், முட்டை, குங்குமப்பூ, நெய்யோடு கலந்து, நடுவில் வெந்த கறியோ கோழியோ வைத்து மூடி, ஓவனில் வேக வைப்பார்கள். வெளியே எடுத்துத் தட்டில் கவிழ்த்தால் அடிப்பாகம் பொன்னிறத்தில் மொறுமொறுவென்று மேலே வரும். உள்ளே மிருதுவாக இருக்கும். முதல் வாய் சாப்பிட்டதுமே எனக்கு அம்மாவின் சட்டிச் சோறு ஞாபகம் வந்துவிட்டது. மீந்த சாதத்திலும் இதைச் செய்யலாமா என்று கேட்டேன். தாராளமாகச் செய், அரிசி உதிரியாக இருந்தால் போதும் என்றார்.

இதை நான் கையில் பிடித்துக்கொண்டது மாமனாருக்காக. பல் செட் கட்டுவதற்காக அவருக்கு மேல் வரிசைப் பற்களை எடுத்திருந்தார்கள். ஈறு ஆறும்வரை கஞ்சி, ரசம் சாதம், இட்லி. ஞாயிற்றுக்கிழமை வீடே கறி சாப்பிட, அவர் மட்டும் குழம்பை ஊற்றிப் பிசைந்துகொண்டு துண்டுகளைத் தட்டின் ஓரத்தில் ஒதுக்கி வைப்பார். ஒரு வார்த்தை பேச மாட்டார். ஆயுசு முழுக்கக் கறிக்கடையில் நின்று நெஞ்செலும்பு, சப்பை என்று பார்த்துப் பார்த்து வாங்கியவர் அவர். எனக்குப் பார்க்கவே பொறுக்கவில்லை. மறுநாள் மிச்சக் கறியை எலும்பிலிருந்து பிரித்து, நாராகப் பிய்த்து, இந்த மாதிரி வேக வைத்துக் கொடுத்தேன். நடுப்பகுதியைக் கரண்டியால் எடுத்தால் அப்படியே விழும், மெல்ல வேண்டிய வேலையே இல்லை. இரண்டாம் முறை தட்டை நீட்டினார். பிள்ளைகள் ஓரத்து மொறுமொறுப்புக்குச் சண்டை போட்டார்கள். அன்றைக்குப் 'பழசு' என்ற பேச்சே எழவில்லை. அடுத்த முறை நாத்தனார் வந்தபோது, இது நேற்றைய கறி என்று முதலிலேயே சொல்லிவிட்டுத்தான் பரிமாறினேன். ஒளித்து வைத்துப் பரிமாற நான் என்ன திருடியா வந்தேன்? அவளும் நன்றாகத்தான் சாப்பிட்டாள்.

செய்முறை. நாலு கப் சாதம், எலும்பில்லாமல் இரண்டு கப் கறி, 2 முட்டை, முக்கால் கப் புளிக்காத கெட்டித் தயிர், 3 மேசைக்கரண்டி நெய், கொஞ்சம் மஞ்சள்தூள், மிளகுத்தூள். ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த குழம்பின் மேல் கொழுப்பு வெள்ளையாக உறைந்து நிற்கும். அதை வீசாதீர்கள். சுடவைத்ததும் உருகி, பாத்திரத்தில் தடவும் நெய்யில் பாதியை மிச்சப்படுத்தும். துண்டுகளை எடுத்துப் பிய்த்து வைத்துவிட்டு, குழம்பை மட்டும் எண்ணெய் பிரிந்து வாணலியின் ஓரத்தில் ஒதுங்கும்வரை சுண்ட விடுங்கள். கறியைப் போட்டுப் பிரட்டினால் கரண்டியில் ஒட்டி நிற்க வேண்டும், வழியக் கூடாது. இந்தப் பதார்த்தம் கெட்டுப்போவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான். குழம்பு தண்ணியாக இருந்தால் கீழ்ச்சோறு களியாகிவிடும், எவ்வளவு நேரம் ஓவனில் வைத்தாலும் தேறாது.

சாதம் குளிர்ந்ததாகவே இருக்கட்டும். ஃபிரிட்ஜில் இருந்த சாதத்தில் மாவுச்சத்து இறுகிப் பருக்கை விறைப்பாக நிற்கும். ஈரமும் சூடும் பட்டதும் மறுபடி இளகும். சூடான புதுச் சாதத்தில் முட்டையும் தயிரும் கலந்தால் பருக்கை உடைந்து கூழாகிவிடுகிறது. பொன்னிப் புழுங்கல் நன்றாக நிற்கும், சீரகச் சம்பா இன்னும் பிரமாதம். குழைந்த பச்சரிசிச் சாதத்துக்கு இது வேண்டாம், அதைத் தயிர்சாதமாக்கிவிடுங்கள். கட்டியை விரலால் உதிர்த்து, அடித்த முட்டை, தயிர், மஞ்சள், மிளகு, உப்பு சேர்த்துப் பிரட்டுங்கள். குழம்பில் ஏற்கெனவே உப்பு இருக்கிறது, கை அடக்கமாகப் போடுங்கள்.

கண்ணாடிப் பாத்திரம் அல்லது கேக் டின்னில் அடியிலும் ஓரத்திலும் நெய் தாராளமாகத் தடவி, பாதிச் சாதத்தைப் பரப்பி அழுத்துங்கள். மேலே கறி. ஓரத்தில் ஒரு விரல்கடை இடம் விடுங்கள், இல்லையென்றால் மசாலா பக்கவாட்டில் கசிந்து கருகும். அதன்மேல் மீதிச் சாதம், மறுபடி அழுத்தம், மேலே கொஞ்சம் நெய். ஃபாயில் போட்டு மூடி, முன்கூட்டியே சூடேற்றிய ஓவனில் 180 டிகிரியில் 25 நிமிடம், பிறகு மூடியை எடுத்து 15, 20 நிமிடம். கண்ணாடி என்றால் அடி சிவந்திருக்கிறதா என்று வெளியிலிருந்தே பார்த்துக்கொள்ளலாம். எடுத்ததும் கத்தி வைக்காதீர்கள், பத்து நிமிடம் ஆறட்டும். அப்போதுதான் முட்டையின் பிடிப்பில் துண்டு துண்டாக வரும். ஓரத்தில் கத்தியை ஓட்டும்போது கரகரவென்று சத்தம் வந்தால் சரியாக வந்திருக்கிறது என்று அர்த்தம். ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த ஜில்லென்ற கண்ணாடிப் பாத்திரத்தை நேராகச் சூடான ஓவனில் வைக்காதீர்கள், விரிசல் விடும்.

இனி, திட்ட வரப்போகிறவர்களுக்கு. "சாதத்தை மறுபடி சூடாக்கினால் விஷம்" என்று கட்டாயம் யாராவது எழுதுவீர்கள். விஷயம் பாதிதான் சரி. அரிசியில் பேசில்லஸ் சீரியஸ் என்ற கிருமியின் வித்துகள் இருக்கும். அவை கொதிக்க வைத்தாலும் சாகாமல் தப்பிக்கும். சாதத்தை மணிக்கணக்கில் வெளியே வைத்தால் முளைத்துப் பெருகி நச்சை உண்டாக்கும், அந்த நச்சு சூட்டுக்கு அழியாது. ஆகவே தப்பு சூடாக்குவதில் இல்லை, வெளியே போட்டு வைப்பதில் இருக்கிறது. சாதம் மீந்துவிடும் என்று தெரிந்ததும் தட்டில் பரப்பி ஆறவிட்டு, ஒரு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜுக்குப் போகட்டும். மறுநாளே செய்துவிடுங்கள். நடுப்பகுதி வரைக்கும் ஆவி பறக்கச் சூடாக வேண்டும், வெப்பமானி இருந்தால் 74 டிகிரி. இதிலும் மிஞ்சினால் திரும்பச் சூடாக்க வேண்டாம். ராத்திரி முழுக்க வெளியே கிடந்த சாதத்தை எந்த ஓவனும் காப்பாற்றாது. தண்ணீர் ஊற்றிப் புளிக்க வைக்கும் பழைய சோறு வேறு வழிமுறை, அதோடு இதைக் குழப்ப வேண்டாம்.

"கறியும் தயிரும் சேரக் கூடாது" என்பவர்கள் பிரியாணியை எந்தக் கணக்கில் சாப்பிடுகிறீர்கள் என்று தெரியவில்லை. "இது நம்ம சாப்பாடே இல்லை" என்பவர்களுக்கு: சோற்றையும் கறியையும் சேர்த்து ஓவனில் வைப்பது பல ஊர்களில் உண்டு. இலங்கையில் டச்சுக்காரர்களின் வழிவந்த பர்கர் சமூகத்துக் குடும்பங்களின் லம்ப்ரைஸ், கறிச்சாற்றில் வெந்த சோற்றையும் கறிகளையும் வாழை இலையில் பொதிந்து வேக வைப்பது. ஜப்பானின் டோரியா, அதாவது சோற்றின்மேல் வெள்ளைச் சாஸ் ஊற்றி ஓவனில் வைப்பது, யோகோஹாமாவில் ஹோட்டல் நியூ கிராண்டின் தலைமைச் சமையல்காரராக இருந்த சாலி வைல் என்ற சுவிஸ்காரர் 1930 வாக்கில் உண்டாக்கியது. உடம்பு சரியில்லாத ஒரு விருந்தினர் தொண்டையில் சுலபமாக இறங்குகிற மாதிரி ஏதாவது வேண்டும் என்று கேட்டதற்காகச் செய்தது என்பது அந்த ஹோட்டல் சொல்லும் கதை. இதைப் படித்தபோது மாமனாரின் தட்டு கண்ணில் வந்து நின்றது.

கரண்ட் பில் பற்றியும் கேட்பீர்கள். 1500 வாட் ஓடிஜி (மேசைமேல் வைக்கும் சிறிய மின் ஓவன்) ஒரு மணி நேரம் ஓடினால் அதிகபட்சம் ஒன்றரை யூனிட். சூடு ஏறியதும் தானாக அணைந்து அணைந்து எரிவதால் அவ்வளவுகூட ஆகாது. ஆனால் அதற்கு 16 ஆம்பியர் பிளக் பாயிண்ட் வேண்டும். இங்கே ஒன்றைச் சொல்லாமல் போக முடியவில்லை. சென்னையில் நாங்கள் முன்பு இருந்த வாடகை வீட்டுச் சமையலறையில் அந்தப் பாயிண்ட் கிடையாது. எங்கள் செலவிலேயே போட்டுக்கொள்கிறோம் என்று கேட்டும் வீட்டு ஓனர் சம்மதிக்கவில்லை, சுவரில் ஓட்டை விழுமாம். காலி செய்யும்போது பெயிண்ட் அடிக்க என்று ஒரு மாத வாடகையை அட்வான்ஸில் பிடித்துக்கொண்டார். வருஷக்கணக்கில் குடியிருந்தால் சுவர் மங்கத்தான் செய்யும், அதற்குத்தானே மாதா மாதம் வாடகை வாங்குகிறார்கள்? 2017ஆம் ஆண்டின் தமிழ்நாட்டு வாடகைச் சட்டத்தில், ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதிக்கொள்ளாதவரை மூன்று மாத வாடகைக்கு மேல் அட்வான்ஸ் கேட்கக் கூடாது என்று இருக்கிறது. நடப்பில் பத்து மாதம் கொடுத்துவிட்டு அதைத் திரும்ப வாங்கக் கெஞ்சிக்கொண்டு நிற்கிறோம். வாடகைக்கு இருப்பவர்கள் கையெழுத்துப் போடும் முன் பெயிண்ட் யார் செலவு என்று எழுத்தில் வாங்கிவிடுங்கள்.

ஓவனே இல்லையென்றாலும் செய்யலாம். அடி கனமான பாத்திரத்தில் இதே மாதிரி அடுக்கி, மூடியைத் துணியால் சுற்றிக் கட்டி, துணியின் நுனி தீயில் படாமல் மேலே முடிந்துவிடுங்கள். துணி ஆவியை இழுத்துக்கொள்ளும், மேல்சோறு நசநசக்காது. பழைய தோசைக்கல்லை அடுப்பில் வைத்து அதன்மேல் பாத்திரத்தை ஏற்றி, சிறு தீயில் 35 நிமிடம். மேலே சிவக்காது, அடி சிவக்கும். கவிழ்த்தால் அதுதான் மேலே வரும். கோழிக்கறியாக இருந்தால் நெஞ்சுப்பகுதி காய்ந்துவிடும், தொடைக்கறியை எடுத்துக்கொள்ளுங்கள். மீன் குழம்பில் மட்டும் முயற்சி செய்ய வேண்டாம், சோற்றுக்குள் முள் தேட முடியாது.