ஒன்றரை மடங்கு வேகத்தில் சித்தேஸ்வரி

அன்புள்ள ஐயா,

இயக்குநர் மணி கவுலின் ‘சித்தேஸ்வரி’ பார்த்தேன். பாதிக்கு மேல் பொறுமை இல்லை, ஒன்றரை மடங்கு வேகத்தில் ஓட்டினேன். ஒரு பாடகியைப் பற்றிய படம். ஆனால் எங்கே பிறந்தார், யாரிடம் கற்றார் என்று எதையும் ஒழுங்காகச் சொல்லவில்லை. நடிகை வேறு வருகிறார். இது ஆவணப்படமா, பரிசோதனைப் படமா? நானும் ஒரு படம் எடுக்க நினைக்கிறேன். என்ன கேமரா வாங்கலாம்?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

இருக்கிற போனே போதும். ஆவணமா பரிசோதனையா என்பது விருதுக்குழுவின் கவலை. ‘சித்தேஸ்வரி’யைத் தயாரித்தது அரசின் பிலிம்ஸ் டிவிஷன். தியேட்டரில் மெயின் படத்துக்கு முன்னால் அணைக்கட்டையும் குடும்பக் கட்டுப்பாட்டையும் காட்டிய அதே நிறுவனம்தான். பிரமோத் பதி 1968இல் ‘எக்ஸ்ப்ளோரர்’ என்ற சின்னப் படத்தைத் தலைதெறிக்கிற வேகத்தில் வெட்டி ஒட்டியதும் அங்கேதான். பிறப்பு, குரு விவரங்களுக்கு விக்கிபீடியா உண்டு.

ஆனால் அந்த ஒன்றரை மடங்கு! மறைக்காமல் எழுதினீர்கள், அது பிடித்தது. செய்த காரியம் பிடிக்கவில்லை.

சித்தேஸ்வரி தேவி பனாரஸின் தும்ரி பாடகி. தும்ரி இந்துஸ்தானி இசையில் ஒரு பாட்டு வகை. 1977இல் மறைந்தார், படம் வந்தது 1989இல். தும்ரியில் ஒரே வரி திரும்பத் திரும்ப வரும். ஒருமுறை கெஞ்சலாக, அடுத்தமுறை அதே சொற்கள் ஊடலாக. நம் கச்சேரி நிரவல் மாதிரி. ஒரே வரியில் வித்வான் கால்மணி நேரம் நின்றால், “புரிந்துவிட்டது, அடுத்த வரிக்குப் போங்கள்” என்று யாராவது சொல்வோமா? சினிமாவில் மட்டும் சொல்கிறோம். மணி கவுல் ஜியா மொஹியுத்தீன் டாகரிடம் துருபத் என்ற பழைய இந்துஸ்தானி இசை முறையைக் கற்றவர். துருபத் ஆலாபனைக்கு அவசரமே கிடையாது. அந்த நிதானம்தான் அவருடைய கேமராவுக்கும். அவர் படத்தில் ஒரு ஷாட் எவ்வளவு நேரம் நிற்கிறது என்பதுதான் விஷயமே. அதை நீங்கள் சுருக்கிவிட்டீர்கள். பாட்டின் லயமும் போயிற்று. அப்புறம் எதைத்தான் பார்த்தீர்கள்?

நடிகை வேறு வருகிறார் என்று அலுத்துக்கொள்கிறீர்கள். முடிவை நெருங்கும்போது அந்த நடிகை, மீதா வசிஷ்ட், நிஜ சித்தேஸ்வரி பாடுவதை டிவியில் பார்ப்பார். இத்தனை நேரம் அவராக வந்தவர் அவரையே பார்க்கிறார். அந்தக் காட்சியையும் விரட்டிவிட்டீர்களே, பாவி!

எங்கள் பிலிம் சொசைட்டியில் ஒருமுறை கவுலின் ‘துருபத்’ (1982) போட்டோம். கதை இல்லாமல் படமா என்று சண்டை பிடிக்கிற நண்பர் ஒருவரை வம்படியாக அழைத்துப் போயிருந்தேன். பத்து நிமிஷத்துக்கு ஒருமுறை “எப்போய்யா ஆரம்பிக்கும்?” என்பார். நடுவில் எப்போதோ கேட்பதை நிறுத்திவிட்டார். கடைசியில் பம்பாயின் கூரைகள் மேல் கேமரா நகர்ந்துகொண்டே போகும், நீளமான ஷாட். விளக்குப் போட்டதும் அவர் முகத்தில் எரிச்சல். “அதுக்குள்ளேயா?” என்றார்.

இன்னொரு முறை பாருங்கள். நல்ல ஹெட்போன், ஒரே மூச்சில், சாதாரண வேகம். பிடிக்காமலே போகலாம், தப்பில்லை. படம் எடுக்கிற ஆசையை மட்டும் விட்டுவிடாதீர்கள். கேமராவைப் பற்றிக் கேட்டீர்கள், சரி. யாரைப் பற்றி எடுக்கப் போகிறீர்கள் என்று ஒரு வார்த்தைகூட எழுதவில்லையே?