எபேசும் மாதா வீடும் ஒரே நாளில்: வாசகர் கேள்வி, நமது பதில்

துருக்கியின் மேற்குக் கரையோரம் செல்சுக் என்றொரு சிற்றூர். அதை ஒட்டி எபேசு நகரத்தின் இடிபாடுகள். மேலே புல்புல் மலையில், இயேசுவின் தாய் மரியாள் வாழ்ந்ததாக நம்பப்படும் மாதா வீடு. இந்த இரண்டையும் தனி வண்டி, தனி வழிகாட்டி வைத்து ஒரே நாளில் பார்த்துவருவது பற்றி வந்த கடிதங்களுக்கு இந்த இதழில் பதில் தருகிறோம்.

கேள்வி: அக்டோபரில் நாங்கள் நால்வர் இஸ்மிரில் தங்கி, ஒரு நாள் எபேசு போய்வர இருக்கிறோம். அம்மாவுக்கு வயது 72, முழங்கால் வலி உண்டு. தனி வழிகாட்டி அவசியமா? எதை முதலில் பார்ப்பது? (வாசகி, தூத்துக்குடி)

இடிபாடுகளை மட்டும் பார்ப்பதென்றால் வழிகாட்டி இல்லாமலும் முடியும். இஸ்மிரிலிருந்து செல்சுக்குக்கு ரயில் இருக்கிறது, அங்கிருந்து இடிபாட்டின் இரு வாசல்களில் ஒன்றான கீழ்வாசலுக்கு 'தோல்முஷ்' என்ற சிறுபேருந்து போகும். மாதா வீட்டுக்குத்தான் பேருந்து கிடையாது. வாடகைக் காரோ சுற்றுலா வண்டியோ வேண்டும். அம்மாவையும் அழைத்துப் போவதால், உங்களுக்குத் தனி வண்டிதான் சரி.

முதலில் மாதா வீட்டுக்குப் போங்கள். காரணம் எளிது. செல்சுக்கிலிருந்து மலைக்கு ஏறும் சாலை எபேசின் மேல்வாசலைத் தொட்டுத்தான் போகிறது. மலையிலிருந்து இறங்கும்போது மேல்வாசலில் உங்களை விட்டுவிட்டு, வண்டி சுற்றி வந்து கீழ்வாசலில் காத்திருக்கும். நகரம் சரிவில் கட்டப்பட்டது, வாசலுக்கு வாசல் ஏறக்குறைய 2 கிலோமீட்டர். மேலிருந்து வந்தால் முழுக்க இறக்கம். கீழ்வாசலில் நுழைந்து அதே வழியில் திரும்புகிறவர்கள் அதே தூரத்தை வெயிலில் ஏறவும் வேண்டும்.

இஸ்மிரில் காலை ஆறே முக்காலுக்குப் புறப்பட்டால் எட்டேகால் வாக்கில் மலையில் இருப்பீர்கள். அங்கே முக்கால் மணி நேரம் போதும். ஒன்பதேகாலுக்கு மேல்வாசலில் நுழைந்தால் பத்தரைக்கு, ரோமானிய ஆளுநர் செல்சுஸின் நினைவாகக் கட்டிய செல்சுஸ் நூலகத்தின் முன் நிற்கலாம். நூலகத்தின் முகப்பு கிழக்கு பார்த்தது. காலை வெயில் நேராக விழும்போதுதான் அதன் செதுக்கல்கள் தெளிவாகத் தெரியும், பிற்பகலில் முகப்பு நிழலில் போய்விடும்.

இனி அம்மா விஷயம். மேல்வாசலிலிருந்து இறங்கும் குரேத்தஸ் தெருவின் பளிங்குக் கற்கள் நூற்றாண்டுகளாக மிதிபட்டு வழுவழுத்துக் கிடக்கின்றன. இறங்குவது எளிதென்று தோன்றும், ஆனால் முழங்காலுக்கு இறக்கம்தான் பகை. மழை பெய்திருந்தால் எல்லோருக்குமே வழுக்கும். அதனால் மேல்வாசலில் மூவர் மட்டும் இறங்குங்கள். அம்மா வண்டியிலேயே கீழ்வாசலுக்குப் போகட்டும். நீங்கள் நூலகத்தை நெருங்கும்போது ஒருவர் முன்னால் சென்று, கீழ்வாசலில் டிக்கெட் எடுத்து உள்ளே வரும் அம்மாவை அழைத்து வரலாம். கீழ்வாசலிலிருந்து பெரிய அரங்கு வழியாக நூலகம் வரை பாதை பெரும்பாலும் சமதளம். போய்வர ஒரு கிலோமீட்டருக்குச் சற்று மேல் இருக்கும். இந்த ஏற்பாட்டை முன்கூட்டியே ஓட்டுநரிடமும் வழிகாட்டியிடமும் சொல்லிவிடுங்கள். வாசலில் நின்று பேசத் தொடங்கினால் அரை மணி நேரம் போய்விடும்.

ரப்பர் அடியுள்ள செருப்போ ஷூவோ போடுங்கள். ஆளுக்கு ஒரு லிட்டர் தண்ணீர், ஒரு குடை. கழிப்பறை வாசல்களில்தான் இருக்கிறது, நடுவில் இல்லை.

கேள்வி: இணையத்தில் 'தனிச் சுற்றுலா' என்று பல விலைகள் போட்டிருக்கிறார்கள். பணம் கட்டுமுன் என்னென்ன கேட்டுக்கொள்ள வேண்டும்? (வாசகர், மதுரை)

முதல் கேள்வி: வழிகாட்டிக்கு உரிமம் உண்டா? துருக்கியில் வழிகாட்டித் தொழிலுக்கென்று 2012இல் தனிச் சட்டமே வந்தது. உரிமம் பெற்றவர் அடையாள அட்டையைக் கழுத்தில் தொங்கவிட்டிருப்பார். ஓட்டுநருக்கு ஆங்கிலம் தெரியும் என்பது வேறு, வழிகாட்டி என்பது வேறு. ஓட்டுநர் உங்களை வாசலில் இறக்கிவிடலாம், உள்ளே வந்து விளக்கம் சொல்ல முடியாது. விலை மிகக் குறைவாக இருந்தால் பெரும்பாலும் அது ஓட்டுநர் மட்டும் வரும் பயணம்தான்.

இரண்டாவது, விலை தலைக்கா, குழுவுக்கா? வண்டிக்கும் வழிகாட்டிக்கும் குழுவுக்கு ஒரே தொகை, நுழைவுச்சீட்டு தலைக்கு இவ்வளவு என்று பிரித்துக் கேளுங்கள். எபேசு நுழைவு மட்டும் 2024இல் வெளிநாட்டவருக்கு 40 யூரோ. இடிபாட்டுக்குள் இருக்கும் பழைய செல்வர் குடியிருப்பான மொட்டைமாடி வீடுகளுக்குத் தனிச் சீட்டு, மாதா வீட்டுக்குத் தனிக் கட்டணம். மாதா வீடு அரசு அருங்காட்சியகங்களோடு சேராதது, ஆகவே அருங்காட்சியகப் பாஸ் அங்கே செல்லாது. 'எல்லாம் உட்பட' என்ற சொல்லை நம்பாதீர்கள். எந்தெந்த இடத்தின் நுழைவுச்சீட்டு உட்பட என்று பெயர் சொல்லி எழுதி வாங்குங்கள்.

மூன்றாவதுதான் எல்லாவற்றிலும் முக்கியம்: கடைக்குப் போவது. கம்பளம் நெய்வதைக் காட்டுகிறோம், தோல் உடை அணிவகுப்பு காட்டுகிறோம், தேநீர் தருகிறோம் என்று வண்டி ஒரு கடை வாசலில் நிற்கும். விற்பனையில் ஒரு பங்கு அழைத்து வந்தவருக்குப் போவது இந்த வட்டாரத்தில் வழக்கம். விலை குறைத்துச் சொல்லும் பயணங்களில் அந்தக் குறைவை ஈடுகட்டுவது இந்தப் பங்குதான். ஒரு கடை ஒரு மணி நேரத்தைத் தின்னும், அந்த ஒரு மணி நேரம் செல்சுக் அருங்காட்சியகத்துக்கு உரியது. 'கடைகளுக்குப் போக மாட்டோம்' என்ற ஒரு வரியைப் பதிவு செய்யும்போதே எழுத்தில் கேட்டுப் பெறுங்கள். தனி வண்டிக்குக் கூடுதலாகக் கொடுக்கும் பணத்தில் நீங்கள் வாங்குவது உங்கள் நேரத்தைத்தான். அதை விட்டுக்கொடுக்காதீர்கள்.

கேள்வி: எங்கள் கப்பல் குஷாதாசியில் காலை 7 முதல் மாலை 5 வரை நிற்கும். வெளியாள் வண்டியில் போனால் கப்பலைத் தவறவிட்டு விடுவோமோ என்று பயம். (வாசகர், சென்னை)

குஷாதாசியிலிருந்து செல்சுக் 20 கிலோமீட்டர்தான். மாதா வீடு, இடிபாடு, அர்த்தெமிஸ் கோயில், சாப்பாடு எல்லாம் சேர்த்து ஆறு முதல் ஏழு மணி நேரத்தில் முடியும். ஐந்து மணிக்குக் கிளம்பும் கப்பலில் கடைசியாக ஏற வேண்டிய நேரம் அரை மணியிலிருந்து ஒரு மணி நேரம் முன்னதாக இருக்கும். வழிகாட்டியிடம் அந்த நேரத்தைச் சொல்லுங்கள், ஐந்து மணி என்று சொல்லாதீர்கள்.

தவறு பெரும்பாலும் கடிகாரத்தில்தான் நடக்கிறது. துருக்கியில் ஆண்டு முழுவதும் ஒரே நேரம். கிரேக்கத்தில் குளிர்காலத்தில் ஒரு மணி நேரம் பின்னே வைக்கிறார்கள். அக்டோபர் கடைசி முதல் மார்ச் கடைசி வரை கிரேக்கத் தீவிலிருந்து வரும் கப்பல் தன் கடிகாரத்தை மாற்றாமலே இருக்கக்கூடும், உங்கள் செல்பேசியோ தானாகத் துருக்கி நேரத்துக்கு மாறிவிடும். சந்திக்கும் நேரத்தை 'கப்பல் நேரமா, ஊர் நேரமா' என்று தெளிவாக எழுதிக்கொள்ளுங்கள்.

கேள்வி: அது உண்மையிலேயே மாதா வாழ்ந்த வீடுதானா? அங்கே திருப்பலி காண முடியுமா? (வாசகி, நாகர்கோவில்)

சிலுவையடியில் இயேசு தம் தாயைத் தம் அன்புச் சீடரிடம் ஒப்படைத்தார் என்கிறது நற்செய்தி; அந்தச் சீடர் யோவான் என்பது மரபு. யோவான் பின்னாளில் எபேசில் வாழ்ந்தார் என்பது பழைய மரபு. இரண்டையும் சேர்த்து, மாதாவும் இங்கே வந்திருப்பார் என்று நம்புகிறவர்கள் உண்டு. எருசலேமிலேயே அவர் துயில்கொண்டார் என்ற மரபும் அதே அளவு வலுவானது. இந்த வீட்டைக் கண்டறிந்த கதை வித்தியாசமானது. ஜெர்மனியை விட்டே வெளியே போகாத அன்னா கத்தரீனா எம்மெரிக் என்ற கன்னியாஸ்திரி (1774–1824) நோய்ப்படுக்கையில் கண்ட காட்சிகளை ஒரு கவிஞர் எழுதி வைத்தார். அந்த வர்ணனையைக் கையில் வைத்துக்கொண்டு இஸ்மிரிலிருந்து வந்த குருக்கள் 1891இல் இந்த இடிபாட்டை அடையாளம் கண்டார்கள். திருச்சபை இதை உண்மை என்றோ இல்லை என்றோ தீர்ப்புச் சொல்லவில்லை. ஆனால் திருத்தந்தையர் ஆறாம் பவுல் 1967இலும், இரண்டாம் யோவான் பவுல் 1979இலும், பதினாறாம் பெனடிக்ட் 2006இலும் வந்து செபித்திருக்கிறார்கள். இஸ்லாமியரும் மர்யம் அன்னையை மதித்து இங்கே வருகிறார்கள். ஒரே வாசலில் இரு சமயத்தாரும் வரிசையில் நிற்பதைக் காண்பதே இந்த மலைக்கு ஏறியதற்குப் போதுமான பலன்.

வேளாங்கண்ணியை மனத்தில் வைத்துக்கொண்டு போகாதீர்கள். இது மரங்களுக்கு நடுவே ஒரு சின்னக் கல்வீடு. சுவரில் ஒரு சிவப்புக் கோடு தெரியும். பழைய கட்டுமானத்தையும் பின்னாளில் எடுத்துக் கட்டியதையும் பிரித்துக் காட்டும் கோடு அது. உள்ளே படம் எடுக்கக் கூடாது, பேசக் கூடாது, வரிசை நகர்ந்துகொண்டே இருக்கும். வழிகாட்டி விளக்கத்தை வெளியிலேயே முடித்துவிட வேண்டும். மெழுகுவர்த்தி ஏற்றும் இடமும் வெளியேதான். கீழே இறங்கினால் ஊற்றுநீர்க் குழாய்கள். கையோடு ஒரு சிறு புட்டி கொண்டு போங்கள். பக்கத்துச் சுவர் முழுக்கத் துணித் துண்டுகளும் காகிதங்களும் கட்டியிருக்கும். நம் ஊர்க் கோயில் மரத்தில் தொட்டில் கட்டுவது போன்ற வேண்டுதல்தான். தோளும் முழங்காலும் மறைய உடுத்துங்கள்.

ஞாயிறு காலையில் திருப்பலி உண்டு. நேரம் பருவத்துக்கு ஏற்ப மாறலாம் என்பதால் முந்தின நாளே வழிகாட்டியைத் தொலைபேசியில் கேட்கச் சொல்லுங்கள். ஆகஸ்ட் 15 விண்ணேற்புப் பெருவிழாவன்று கூட்டம் மிக அதிகம். பக்திக்காக அன்று போகலாம், இடிபாட்டை வேறு நாளில் பாருங்கள்.

கேள்வி: வேதாகமத்தில் வரும் 'எபேசியருடைய தியானாள்' கோயிலைப் பார்க்க ஆசை. போனவர்கள் 'ஒன்றுமில்லை' என்கிறார்கள். இடிபாட்டில் எதைத் தவறவிடக் கூடாது? (வாசகர், பாளையங்கோட்டை)

தமிழ் வேதாகமம் தியானாள் என்று சொல்லும் தேவிதான் கிரேக்கரின் அர்த்தெமிஸ். உலக அதிசயங்கள் ஏழில் ஒன்றாக எண்ணப்பட்ட அவள் கோயில் இன்று ஒரு சதுப்புக் குழி. உடைந்த துண்டுகளை அடுக்கி நிறுத்திய ஒற்றைத் தூண், அதன் உச்சியில் நாரைக் கூடு. 127 தூண்கள் இருந்ததாகப் பிளினி எழுதியிருக்கிறார். தோண்டியெடுத்த சிற்பத் தூண்துண்டுகள் லண்டனில் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. பதினைந்து நிமிடம் ஒதுக்குங்கள், கட்டணம் இல்லை. தூணுக்குப் பின்னால் 1375இல் கட்டிய ஈசா பே பள்ளிவாசலும், யோவானின் கல்லறை மேல் எழுந்த பேராலயத்தின் மேடும் ஒரே பார்வையில் தெரியும். தேவியைப் பார்க்க வேண்டுமென்றால் செல்சுக் அருங்காட்சியகத்துக்கு வாருங்கள். அவளுடைய பெரிய பளிங்குச் சிலைகள் அங்கேதான் உள்ளன. கடைகளைத் தவிர்த்து மிச்சப்படுத்திய நேரம் இதற்குத்தான்.

அப்போஸ்தலன் பவுலுக்கு எதிராகத் தட்டான் தெமேத்திரியு கிளப்பிய கலகத்தில் ஊர்மக்கள் திரண்டது பெரிய அரங்கில். ஏறக்குறைய 25,000 பேர் உட்காரக்கூடியது. பவுல் உள்ளே போக விரும்பியும் சீஷர்கள் விடவில்லை என்கிறது அப்போஸ்தலர் 19ஆம் அதிகாரம். பவுல் இந்த மேடையில் நின்று பிரசங்கித்தார் என்று எந்த வழிகாட்டியாவது சொன்னால் திருத்துங்கள். அரங்கிலிருந்து நேரே போகும் துறைமுகத் தெருவின் முடிவில் கடலைத் தேடாதீர்கள். ஆற்று வண்டல் துறைமுகத்தை மூடி, கரை பல கிலோமீட்டர் தள்ளிப் போய்விட்டது. நகரம் அழிந்ததற்கு முக்கியக் காரணங்களில் இதுவும் ஒன்று.

மொட்டைமாடி வீடுகளுக்குத் தனிச் சீட்டு என்பதால் பலர் விட்டுவிடுகிறார்கள். அதை விடாதீர்கள் என்பதே எங்கள் உறுதியான கருத்து. கூரைக்குக் கீழே, செல்வர் வீட்டுச் சுவரோவியங்களும் தரைச் சித்திரங்களும் அப்படியே இருக்கின்றன. படிகள் அதிகம், முக்கால் மணி நேரம் பிடிக்கும். நூலகத்தில் ஒன்றைக் கவனியுங்கள்: மாடத்தில் நிற்கும் நான்கு பெண் சிலைகளும் நகல்கள், மூலங்கள் வியன்னாவில். செல்சுஸின் கல்லறையே அந்த நூலகத்தின் அடியில்தான் இருக்கிறது.

கேள்வி: இந்தியப் பாஸ்போர்ட்டுக்கு மின்விசா கிடைக்குமா? (வாசகர், திருச்சி)

அமெரிக்கா, பிரிட்டன், அயர்லாந்து, ஷெங்கன் நாடுகள் இவற்றில் ஒன்றின் செல்லுபடியாகும் விசாவோ குடியிருப்பு அனுமதியோ இருந்தால் கிடைக்கும். அந்த ஆதார விசா மின்விசாவாக இருந்தால் ஏற்பதில்லை. இல்லாதவர்கள் விசா மையம் வழியாக ஸ்டிக்கர் விசா எடுக்க வேண்டும். விதிகள் மாறக்கூடியவை, டிக்கெட் போடுமுன் அரசுத் தளத்தில் ஒருமுறை பாருங்கள்.

கேள்வி: நாங்கள் சுத்த சைவம். மதியத்துக்கு என்ன செய்வது? (வாசகி, கோயம்புத்தூர்)

'கோஸ்லெமே' கேளுங்கள். மெல்லிய ரொட்டிக்குள் கீரை, உருளைக்கிழங்கு அல்லது பாலாடைக்கட்டி வைத்துக் கல்லில் சுடுவது. கண் முன்னே செய்து தருவார்கள். பருப்பு சூப்பான 'மெர்ஜிமெக் சோர்பா' நம் நாவுக்கு ஒத்துப்போகும், ஆனால் சில கடைகளில் இறைச்சி வேகவைத்த நீரில் செய்வார்கள். 'எத் சுயு வார் மி?' என்று கேளுங்கள், இறைச்சிச் சாறு கலந்ததா என்று பொருள். ஆலிவ் எண்ணெயில் சமைத்து ஆறவைத்த காய்கறிகள் 'செய்தின்யாலி' என்ற பெயரில் இருக்கும். வழிகாட்டி அழைத்துப் போகும் உணவகத்தில் முதல் நாளே சைவம் என்று சொல்லி வைத்தால், பசியோடு காத்திருக்க வேண்டியிராது.