ஒரே செடியில் இரண்டு வகை இலைகள்: நீர்வாழ் பட்டர்கப்

ரனங்குலஸ் அக்வட்டிலிஸ் எனப்படும் நீர்வாழ் பட்டர்கப் எப்படிப்பட்டது, அது இலங்கையின் வடக்கிலுள்ள வன்னிக் குளங்களில் உண்டா என்பதே கேள்வி.

ஆழமற்ற குளங்களிலும் மெல்ல ஓடும் ஓடைகளிலும் சேற்றில் வேரூன்றி வளரும் இச்செடி, அடியில் மஞ்சள் படர்ந்த ஐந்து வெள்ளை இதழ்கள் கொண்ட பூவை நீர்மட்டத்துக்கு மேலே தூக்கிப் பிடிக்கும். ஆயினும் வியப்பு இலைகளில்தான் இருக்கிறது. மிதக்கும் இலைகள் வட்டமாகவும் மடல்களாகப் பிளவுபட்டும் இருக்க, நீருக்குள் இருப்பவை நூல்நூலாகப் பிரிந்திருக்கும்.

கரியமிலவாயு, காற்றில் பரவுவதைவிட நீரில் ஏறத்தாழ 10,000 மடங்கு மெதுவாகப் பரவுவதால், மூழ்கிய இலைக்கு நீரைத் தொடும் பரப்பு அதிகம் வேண்டியிருக்கிறது. இழைகளாகப் பிரிவது அதற்கு உதவுவதோடு, நீரோட்டத்துக்கும் வழிவிடுகிறது. சோழகக் காற்றில் வாழையிலை கிழிந்து தொங்கும்போது, அதே வளவில் தென்னோலை சேதமின்றி ஆடுவதை நினைத்துப் பாருங்கள். அந்த இழைகளை வெளியே எடுத்தால், குளத்தில் முழுகி எழுந்தவரின் தலைமுடிபோல ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும்.

ஐரோப்பாவும் வட அமெரிக்காவின் மேற்குப் பகுதியும் இதன் முக்கிய வாழிடங்கள். இரணைமடு, முத்தையன்கட்டு போன்ற வன்னிக் குளங்களில் தேட வேண்டியதில்லை. இதே பேரினத்தின் வேறு சில செடிகள் இலங்கையின் குளிர்ந்த மலைநாட்டில் தரையில் வளர்கின்றன.

நம் குளங்களில் இதழெங்கும் பஞ்சிழை கொண்டு மிதக்கும் சிறு வெண்பூவைச் சிலர் இதுவென்றே எண்ணுகிறார்கள். அது வேறொரு குடும்பத்தைச் சேர்ந்த நிம்பாய்டிஸ் என்னும் செடியின் பூ.