சயனோஜெனிக் கிளைக்கோசைட்டு என்றால் என்ன? மரவள்ளிக்கிழங்கில் "சயனைட்டு இருக்கு" என்று சொல்வது சரியா?

கேள்வி: உயர்தர உயிரியல் குறிப்பில் "சயனோஜெனிக் கிளைக்கோசைட்டு" என்று வருகிறது. எங்கட நிலாவெளிப் பக்கம் மரவள்ளி அவித்தால் சட்டியை மூடாதே, இஞ்சியைக் கிட்டவும் கொண்டுவராதே என்று அம்மம்மாமார் சொல்வார்கள். இரண்டுக்கும் தொடர்பு உண்டா? இந்தச் சொல்லை எந்த இடத்தில் எப்படிப் பாவிப்பது?

பதில்:

தொடர்பு உண்டு. சட்டி விஷயத்தில் அம்மம்மா பாதி சரி. இஞ்சிக்குப் பிறகு வருகிறேன்.

கிளைக்கோசைட்டு என்பது ஒரு வெல்லம், வெல்லமல்லாத இன்னொரு பகுதியோடு பிணைந்து நிற்கும் சேர்வை. அந்த வெல்லமல்லாத பகுதிக்கு ஏகிளைக்கோன் என்று பெயர். பிணைந்த வெல்லம் குளுக்கோசாக இருந்தால் அதைக் குளுக்கோசைட்டு என்றும் சொல்லலாம். எல்லாக் குளுக்கோசைட்டும் கிளைக்கோசைட்டுத்தான், மறுதலை உண்மையல்ல. ஏகிளைக்கோனில் காபனும் நைதரசனும் மும்மைப் பிணைப்பால் இணைந்த நைத்திரைல் கூட்டம் இருந்து, சேர்வை உடையும்போது அது ஐதரசன் சயனைட்டாக வெளியேறக்கூடியதாக இருந்தால் மட்டுமே "சயனோஜெனிக்" என்ற அடைமொழி பொருந்தும். மரவள்ளியில் பெரும்பங்கு லினமரின், சிறுபங்கு லோட்டோஸ்திரலின். முன்னதைச் செடி வலின் என்ற அமினோ அமிலத்திலிருந்து ஆக்குகிறது, பின்னதை ஐசோலூசினிலிருந்து.

இனி முக்கியமான இடம். லினமரின் கலத்தின் புன்வெற்றிடத்துக்குள் (கலத்தினுள்ளே இருக்கும் சேமிப்புப் பை) இருக்கிறது. அதை உடைக்கும் லினமரேசு என்ற நொதியம் (தமிழ்நாட்டுப் புத்தகங்களில் நொதி) கலச்சுவர்ப் பக்கம் இருக்கிறது. பாக்கு ஒருபக்கம், சுண்ணாம்பு ஒருபக்கம் இருக்கும்வரை சிவப்பு வராது அல்லவா, அதுபோல முழுக்கிழங்கில் இவை இரண்டும் சந்திப்பதில்லை. சீவினால், துருவினால், இடித்தால், ஆடு கடித்தால் சந்திக்கும். முதற்படியில் லினமரின் நீர்ப்பகுப்படைந்து குளுக்கோசும் அசற்றோன் சயனோஐதரினும் வரும். இரண்டாம் படியில் அந்தச் சயனோஐதரின் அசற்றோனாகவும் ஐதரசன் சயனைட்டாகவும் பிரியும். பிஎச் 5 இற்கு மேலோ வெப்பநிலை 35 பாகை செல்சியசுக்கு மேலோ இருந்தால் இந்த இரண்டாம் படி தானாகவே நடக்கும். இலையில் இதை விரைவுபடுத்த ஐதரொட்சிநைத்திரைல் லயேசு என்ற தனி நொதியமும் உண்டு. கிழங்கில் அது மிகக் குறைவு. ஐதரசன் சயனைட்டின் கொதிநிலை ஏறத்தாழ 26 பாகை. திருகோணமலையின் கச்சான் காற்றுக் காலத்தில் குசினிக்குள்ளேயே அதைவிடச் சூடு, ஆகவே விடுபட்டதும் அது வாயுதான்.

இதை வைத்துச் சொல்லைச் சரியாகப் பாவிக்கலாம். "மரவள்ளியில் சயனோஜெனிக் கிளைக்கோசைட்டு உண்டு, கலம் சிதையும்போது அதிலிருந்து ஐதரசன் சயனைட்டு விடுபடுகிறது" என்பது சரியான வசனம். "மரவள்ளியில் சயனைட்டு இருக்கு" என்பது பேச்சில் பரவாயில்லை, விடைத்தாளில் புள்ளி போகும். ஆய்வுகூட அறிக்கையில் "ஒரு கிலோவுக்கு இத்தனை மில்லிகிராம் ஐதரசன் சயனைட்டு" என்று கண்டால், அது பெரும்பாலும் உள்ள கிளைக்கோசைட்டு முழுவதும் உடைந்தால் வரக்கூடிய அளவு, அதாவது சமவலு. லினமரினின் மூலக்கூற்றுத் திணிவு 247, ஐதரசன் சயனைட்டினது 27. ஆகவே 1 மில்லிகிராம் சயனைட்டுக்குப் பின்னால் ஏறக்குறைய 9 மில்லிகிராம் லினமரின் நிற்கிறது. இந்த இரண்டு எண்களையும் கலந்து எழுதுவதுதான் கட்டுரைகளில் அதிகம் நடக்கும் பிழை.

கோடெக்ஸ் என்ற சர்வதேச உணவுத் தரப்படி "இனிப்பு மரவள்ளி" என்பது பச்சைக்கிழங்கில் கிலோவுக்கு 50 மில்லிகிராமுக்குக் குறைவாகச் சயனைட்டு தரக்கூடியது. மரவள்ளி மாவுக்கு எல்லை கிலோவுக்கு 10 மில்லிகிராம். கணக்கொன்று போட்டுப் பாருங்கள். 50 மில்லிகிராம் எல்லையில் நிற்கும் கிழங்கில் 250 கிராம் எடுத்தால் 12.5 மில்லிகிராம் வரக்கூடும். ஒரு நாளில் உட்கொள்ளலாம் என்று சர்வதேச நிபுணர் குழு வைத்த அளவு உடல்நிறையில் கிலோவுக்கு 0.09 மில்லிகிராம், 50 கிலோ நிறையுள்ளவருக்கு 4.5. இது பாதுகாப்பு எல்லை, உயிராபத்தான அளவு இதைவிட வெகு மேலே (கிலோவுக்கு 0.5 முதல் 3.5 வரை). இருந்தாலும் எல்லைக்குள் வர, சமையல் மூன்றில் இரண்டு பங்கை நீக்கவேண்டும். இனிப்புக் கிழங்குக்கே இந்தக் கதி.

நீக்குகிறதா என்பது முழுக்க வெட்டிலும் தண்ணீரிலும் இருக்கிறது. எல்லாரும் நம்புவதுபோல சூடு லினமரினை அழிப்பதில்லை; கொதிநீரில் அது உடையாமல் நிற்கும். சூடு அழிப்பது நொதியத்தை. 70 பாகையைத் தாண்டினால் லினமரேசு செயலிழந்துவிடும், அதன்பின் லினமரினை உடைக்க ஆளில்லை. ஆகவே பெரிய துண்டுகளைத் தளதளக்கும் நீரில் போடுவதுதான் மோசமான முறை. ஏறத்தாழ 50 கிராம் துண்டுகளாக அவித்தால் கால்பங்கு மட்டுமே போகிறது. 2 கிராம் அளவான, சுண்டுவிரல் நுனித் துண்டுகளாக அவித்தால் முக்கால்பங்கு போகிறது. மேலே போட்ட கணக்கோடு இதைப் பொருத்திப் பாருங்கள்: ஒன்று எல்லைக்குள் வரும், மற்றது வராது.

வீட்டில் செய்யவேண்டியது இது. மேலேயுள்ள காகிதம் போன்ற கபிலத் தோலை மட்டும் சுரண்டி நிறுத்தாமல், அதன் கீழேயுள்ள தடித்த தோலையும் கீறி உரித்து எறியுங்கள்; சதையைவிட அந்தத் தோலில்தான் பலமடங்கு அதிகம். நீளவாக்கில் பிளந்து நடுநாரை எடுங்கள். சிறிதாக வெட்டிக் கழுவி, பச்சைத்தண்ணீரில் போட்டு அடுப்பேற்றுங்கள், அப்போது சூடேறும் நேரத்தில் நொதியம் கொஞ்சம் வேலை செய்யும். தண்ணீர் தாராளமாக இருக்கட்டும்: கிழங்கின் நிறைக்குச் சமமாக விடுவதைவிட ஐந்து மடங்கு விட்டால் கூடுதலாகக் கரைந்து வெளியேறும். மூடியைத் திறந்து வையுங்கள், விடுபட்ட சயனைட்டு ஆவியோடு போகும். ஆனால் அவியும்போது போவதில் பெரும்பகுதி உடையாத லினமரினாகவே தண்ணீருக்குள் போகிறது. அந்தத் தண்ணீரை வடித்து ஊற்றாமல், சட்டியிலேயே வற்றவிட்டுத் தேங்காய்ப்பால் சேர்ப்பவர்கள் மூடியைத் திறந்து வைத்தும் பெரிய பயனில்லை. அம்மம்மா பாதி சரி என்றது இதற்குத்தான்.

நீராவியில் அவிப்பது, சுடுவது, எண்ணெயில் பொரிப்பது எல்லாம் மிகக் குறைவாகவே நீக்கும், ஐந்தில் நான்கு பங்குக்கு மேல் உள்ளேயே நிற்கும். துண்டாக வெட்டி நேரே பொரிக்கும் சீவலுக்கு நல்ல இனிப்பு இனக் கிழங்கே வேண்டும். அவுஸ்திரேலியா, நியூசிலாந்து உணவுத் தரம் பொரித்த மரவள்ளிச் சீவலுக்குக் கிலோவுக்கு 10 மில்லிகிராம் எல்லை வைத்திருப்பது சும்மா அல்ல. பிட்டுக்குத் துருவுவது வேறு கதை: துருவும்போது கலங்கள் உடைந்து நொதியம் தாராளமாகக் கலக்கும். துருவியதைச் சற்று வைத்துப் பிழிந்து, அந்தச் சாற்றைக் கொட்டிவிட்டு அவித்தால் நன்று. மாவாக வைத்திருந்தால் தண்ணீர் சேர்த்து ஈரமாக்கி, 1 சென்ரிமீற்றருக்கு மேற்படாமல் பரப்பி வெயிலில் 2 மணித்தியாலம் அல்லது நிழலில் 5 மணித்தியாலம் விடுவார்கள். ஆபிரிக்காவில் பாவனைக்கு வந்த முறை இது, நம்மூர் வெயிலுக்கும் பொருந்தும்.

இலையைச் சுண்டல் செய்பவர்கள் கவனிக்க: இலையில், குறிப்பாகக் கொழுந்தில், கிளைக்கோசைட்டு கிழங்கைவிடக் கூடுதல். ஆனால் நொதியமும் தாராளம். அரிந்து நேரே சட்டியில் போடாமல் உரலில் நன்றாக இடித்து, தண்ணீரில் இரண்டு முறை கழுவிப் பிழிந்தபின் சமைத்தால் பெரும்பங்கு போய்விடும்.

இஞ்சிக்கு வருவோம். இஞ்சி சேராவிட்டாலும் லினமரின் கிழங்கில் அப்படியே இருக்கிறது. நஞ்சு அங்கிருந்துதான் வருகிறது. இஞ்சியைத் தவிர்ப்பவர்கள் தவிர்க்கட்டும், அதனால் நட்டமில்லை. ஆனால் "நாங்கள் இஞ்சி போடவில்லை" என்ற துணிச்சலில் தோலோடு அவித்துவிட்டால் அந்த வழக்கம் காப்பாற்றாது. பிடுங்கி இரண்டு மூன்று நாளில் கிழங்குக்குள் ஓடும் நீலக்கறுப்புக் கோடுகளும் சயனைட்டு அல்ல. ஸ்கோபொலெற்றின் என்ற வேறொரு சேர்வை ஒட்சியேற்றமடைந்து தரும் நிறம். கசப்பு ஓரளவு துப்புத் தரும், முழுக்க அல்ல. கசந்தால் எறியுங்கள், கசக்கவில்லை என்பதற்காக வெட்டையும் தண்ணீரையும் குறைக்காதீர்கள். மாரி மழை பிந்திய ஆண்டிலும், ஆனி ஆடி வறட்சியிலும் பிடுங்கிய கிழங்கில் அளவு உயரும். நல்ல இனம் என்று பேர்பெற்ற தோட்டத்துக் கிழங்கும் அப்போது மாறும்.

குழப்பிக்கொள்ளும் சொற்கள் சில. சயனோபக்ரீரியாவுக்கு அந்தப் பெயர் நீலப்பச்சை நிறத்தால் வந்தது, சயனைட்டால் அல்ல. கடுகிலும் முருங்கையிலும் உள்ளவை குளுக்கோசினோலேற்றுகள். சேர்வையும் நொதியமும் தனித்தனியே இருக்கும் ஏற்பாடு ஒன்றுதான், வெளிவருவது வேறு. பூவந்தியின் நுரைக்குக் காரணமான சப்போனினும் கிளைக்கோசைட்டே, சயனோஜெனிக் அல்ல. கசப்பு வாதுமையிலும் அப்பிரிக்கொட் வித்திலும் உள்ள அமிக்டலின் சயனோஜெனிக்தான்; அதையே "விற்றமின் பி17" என்று இணையத்தில் விற்கிறார்கள். அது விற்றமின் அல்ல, புற்றுநோய்க்கு மருந்தும் அல்ல. இளம் இறுங்குப் பயிரில் (தமிழ்நாட்டில் சோளம்) இருப்பது தூரின், அதுவும் சயனோஜெனிக்.

பாடசாலையில் காட்ட விரும்பினால் பிக்கிரேற்றுத் தாள் (பிக்கிரிக் அமிலம் ஏற்றிய, ஐதரசன் சயனைட்டு பட்டால் நிறம் மாறும் தாள்) போதும். 100 மில்லிகிராம் கிழங்கை நசுக்கி, தாங்கற்கரைசல் (பிஎச்சை மாறாமல் வைத்திருக்கும் கரைசல்) சில துளியுடன் சிறு போத்தலில் இட்டு, மஞ்சள் பிக்கிரேற்றுத் தாள் திரவத்தில் படாமல் தொங்க மூடி, 30 பாகையில் 16 முதல் 24 மணித்தியாலம் வையுங்கள். மஞ்சள் செம்மஞ்சளாகி, அளவு கூடினால் கபிலமாகும். அளவிட வேண்டுமானால் தாளை 5 மில்லிலீற்றர் நீரில் ஊறவைத்து 510 நனோமீற்றரில் உறிஞ்சலை எடுத்து 396 ஆல் பெருக்கினால், கிலோவுக்கு இத்தனை மில்லிகிராம் என்று வரும். மூடி ஒழுகினால் அளவு குறைவாகக் காட்டும். பிக்கிரிக் அமிலத்தை உலரவிடக்கூடாது, உலர்ந்தால் வெடிக்கக்கூடியது; தாளை ஆசிரியரே செய்து கொடுப்பது நல்லது.

ஆடு மாடு வைத்திருப்பவர்களுக்கு இன்னொன்று. அசைபோடும் விலங்கின் முதல் இரைப்பையில் உள்ள நுண்ணங்கிகளே லினமரினை உடைத்துவிடும். பிஎச்சும் அதற்கு வசதி. அதனால் பச்சை இலையை மேய்ந்த ஆடு விரைவில் விழுந்துவிடலாம். இலையை அரிந்து வெயிலில் நன்றாக வாட்டி, சிறிது சிறிதாக மற்றத் தீனியோடு கலந்தே போடுங்கள். மனிதருக்கென்றால், மரவள்ளி சாப்பிட்டுச் சில மணித்தியாலத்தில் தலைசுற்று, வாந்தி, மூச்சு வாங்குதல் வந்தால் வீட்டு வைத்தியம் பார்க்காமல் உடனே ஆஸ்பத்திரிக்குப் போய், என்ன, எவ்வளவு, எப்படிச் சமைத்துச் சாப்பிட்டது என்று சொல்லுங்கள்.